ஸ்டார் வார்ஸ் கேலக்ஸீஸ் மூடல்: மீட்கப்படாமல் போன பேரேடு

2011 டிசம்பர் 15 அன்று இரவு, இணையத்தில் பலர் சேர்ந்து ஆடிய 'ஸ்டார் வார்ஸ் கேலக்ஸீஸ்' விளையாட்டின் சேவையகங்கள் (சர்வர்கள்) நிறுத்தப்பட்டன. 2003 ஜூன் 26 அன்று திறக்கப்பட்டு, எட்டரை ஆண்டுகள் இயங்கிய ஓர் உலகம் அத்துடன் முடிந்தது. மூடப்பட்ட அறிவியல் புனைவு இணைய விளையாட்டுகளுக்குப் பஞ்சமில்லை. 'எர்த் அண்ட் பியாண்ட்' 2004 செப்டம்பரிலும், 'டாபுலா ராசா' 2009 பிப்ரவரியிலும், 'மேட்ரிக்ஸ் ஆன்லைன்' அதே ஆண்டு ஜூலையிலும் மூடப்பட்டன. அவற்றை விட்டுவிட்டுக் கேலக்ஸீஸை இங்கே எடுத்துக்கொள்வதற்குக் காரணம், அது இரண்டு முறை மூடப்பட்டது என்பதே. முதல் முறை, சேவையகங்கள் ஓடிக்கொண்டிருக்கும்போதே நடந்தது. இரண்டு மூடல்களிலும் போனவற்றில் பெரும்பகுதியை ஆர்வலர்கள் தங்கள் உழைப்பால் திரும்பக் கொண்டுவந்துவிட்டார்கள். அப்படிக் கொண்டுவந்த பிறகும் எது வரவில்லை என்று பார்த்தால்தான், ஒரு சேவையகம் மூடப்படும்போது அழிவது எது என்பது தெளிவாகும்.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அழிவது பேரேடு. யார், எந்த ஊரில், என்ன வைத்திருந்தார், எதைச் செய்தார், யாருக்கு விற்றார் என்று சேவையகத்தின் தரவுத்தளத்தில் நொடிதோறும் எழுதப்பட்டுவந்த அந்தக் கணக்கைத்தான் சொல்கிறேன். படங்களும் ஒலிகளும் குறுவட்டில் இருக்கின்றன. விதிகளைத் திரும்ப எழுதலாம். பேரேட்டை மட்டும் யாராலும் திரும்ப எழுத முடியாது. ஆனால் கேலக்ஸீஸின் மூடல் குறித்த பேச்சுகளில் மிகக் குறைவாகப் பேசப்பட்டது இதுதான்.

உலகத்தின் அமைப்பு

டெக்சாஸ் மாநிலத்தின் ஆஸ்டின் நகரிலிருந்த சோனி ஆன்லைன் என்டர்டெயின்மென்ட் நிறுவனத்தின் கூடத்தில் இந்த விளையாட்டு உருவாக்கப்பட்டது. லூகாஸ்ஆர்ட்ஸ் அதை வெளியிட்டது. படைப்பு இயக்குநராக இருந்த ராஃப் கோஸ்டர் அதற்கு முன் 'அல்டிமா ஆன்லைன்' விளையாட்டின் முதன்மை வடிவமைப்பாளராகப் பணியாற்றியவர். சண்டை போடுகிறவர்களுக்கு மட்டுமன்றி, சண்டையே போடாமல் வாழ விரும்புகிறவர்களுக்கும் இடமுள்ள ஓர் உலகத்தைக் கட்டுவது அவர் குழுவின் நோக்கமாக இருந்தது. தொடக்கத்திலேயே பத்துக் கோள்கள் இருந்தன. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 16 கிலோமீட்டருக்கு 16 கிலோமீட்டர் பரப்புள்ள திறந்தவெளி. முப்பதுக்கும் மேற்பட்ட தொழில்களுள் தையல்காரர், சமையல்காரர், கட்டடக் கலைஞர், மருத்துவர், நடனக் கலைஞர், இசைக் கலைஞர், வணிகர், அரசியல்வாதி ஆகியவையும் அடங்கும். இவை பொழுதுபோக்குக்காகச் சேர்க்கப்பட்டவை என்று நினைத்துவிடக் கூடாது. காட்டில் சண்டையிட்டுக் களைத்து வந்த வீரனின் மனச்சோர்வைப் போக்க எந்த மருந்தும் கிடையாது. அவன் ஊருக்குள் வந்து, மதுக்கூடத்தில் இன்னோர் ஆட்டக்காரர் ஆடும் நடனத்தையோ வாசிக்கும் இசையையோ சிறிது நேரம் உட்கார்ந்து பார்த்தாக வேண்டும். அந்நியர்கள் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொள்ளாமல் இருக்க முடியாதபடி விதிகளே அமைந்திருந்தன.

ஒரு பயனர் கணக்குக்கு ஒரு சேவையகத்தில் ஒரே ஒரு பாத்திரம், அதாவது ஆட்டக்காரர் இயக்கும் கதைமாந்தர், மட்டும்தான் என்பது இன்னொரு விதி. பெயர் கெட்டால் வேறு பெயரில் வந்து பிழைத்துக்கொள்ள வழியில்லை. நல்ல பெயர் எடுத்தால் அது ஆண்டுக்கணக்கில் கூடவே வந்தது.

ஒரு துப்பாக்கியின் பிறப்பு

பேரேடு என்று நான் சொல்வதன் பொருள் விளங்க, ஆயுதம் செய்யும் ஓர் ஆட்டக்காரர் ஒரே ஒரு துப்பாக்கியைச் செய்து முடிக்கும் வழியைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும்.

அவருக்கு முதலில் உலோகம் வேண்டும். உலோகம் கடையில் கிடைக்காது. கோள்களில் தாமிரம், எஃகு, வாயு, தோல், தானியம் என்று நூற்றுக்கணக்கான வகை மூலப்பொருள்கள் தற்செயலான இடங்களில், தற்செயலான பெயர்களோடு தோன்றும். தோன்றும் ஒவ்வொன்றுக்கும் மின்கடத்துதிறன், வளைவுத்தன்மை, தேய்மான எதிர்ப்பு, ஒட்டுமொத்தத் தரம் என்று பல பண்புகள் உண்டு. ஒவ்வொரு பண்புக்கும் ஆயிரத்துக்கு இத்தனை என்று ஓர் எண் உண்டு. சில நாள்களோ சில வாரங்களோ இருந்துவிட்டு அந்தப் பொருள் மறைந்துவிடும். அதே பண்புகளோடு அது மறுபடி வருவதில்லை. அதுவும் அந்த ஒரு சேவையகத்தில் மட்டுமே தோன்றியது. பக்கத்துச் சேவையகத்தில் அதே நாளில் தோன்றிய தாமிரம் முற்றிலும் வேறு. ஆகவே உயர்ந்த தரத்தில் ஒரு தாமிரம் தோன்றியிருக்கிறது என்று கேள்விப்பட்டவுடன், அளவுக் கருவியோடு பாலைவனத்தில் நடந்து, அடர்த்தி மிகுந்த இடத்தைக் கண்டுபிடித்து, அங்கே அகழ்வு இயந்திரத்தை நட்டு, அதற்கு மின்சாரமும் பராமரிப்புக் கட்டணமும் போட்டுவிட்டு வர வேண்டும். இரண்டு நாள் மறந்துவிட்டால் இயந்திரம் நின்றுவிடும்.

பொருள் சேர்ந்த பிறகு பட்டறை. கலவையைத் தேர்ந்து, கிடைத்த புள்ளிகளைத் தாக்குவிசைக்குப் போடுவதா வேகத்துக்குப் போடுவதா என்று முடிவுசெய்து, தோல்வி அடையும் அபாயத்தோடு சோதனை செய்து, நன்றாக வந்த ஒன்றை வரைபடமாக்கித் தொழிற்கூடத்தில் ஏற்றிப் பெட்டி பெட்டியாகச் செய்வார். அதைத் தம் வீட்டில் நிறுத்தியுள்ள விற்பனை இயந்திர மனிதனிடம் ஒப்படைப்பார். விற்ற துப்பாக்கியில் செய்தவரின் பெயர் பொறிக்கப்பட்டிருக்கும். பயன்படுத்தப் பயன்படுத்தத் துப்பாக்கி தேயும், கடைசியில் உடையும், வாங்கியவர் திரும்பி வருவார். இன்ன ஊரில் இன்னாரிடம் வாங்கினால்தான் நம்பலாம் என்ற பேச்சு பரவும். 2004இல் சேர்த்து வைத்த ஒரு தாமிரக் குவியல், அது போன்றது பிறகு தோன்றாததால், சில ஆண்டுகள் கழித்துத் தங்கத்தைப் போல எண்ணி எண்ணிச் செலவிடப்படும்.

இந்த ஒரு துப்பாக்கிக்குப் பின்னால் உள்ள தாமிரத்தின் பண்பெண்கள், இயந்திரம் நின்ற இடம், செய்தவரின் பெயர், விற்ற விலை, வாங்கியவரின் கையில் அது தேய்ந்த அளவு எல்லாமே பேரேட்டின் வரிகள். ஆட்டக்காரரின் கணினியில் இவற்றில் ஒன்றுகூட இல்லை. அவருடைய வட்டில் இருந்தது, துப்பாக்கி என்பது எப்படித் தோற்றமளிக்கும் என்ற படம் மட்டுமே.

வீடுகளும் அப்படியே. திறந்தவெளியில் யார் வேண்டுமானாலும் வீடு கட்டலாம். உள்ளே ஒரு நாற்காலியை விரல் அளவு முன்னே தள்ளவும், கால் பாகம் திருப்பவும் கட்டளைகளைத் தட்டச்சு செய்து செய்து, அலங்காரத்துக்கென்று படைக்கப்படாத பொருள்களை அடுக்கி மீன்தொட்டியும் பியானோவும் செய்துவைத்தவர்கள் உண்டு. 2003ஆம் ஆண்டின் இறுதியில் ஆட்டக்காரர் நகரங்கள் வந்தபோது, தேர்தலில் வென்ற மேயர்கள் வரி வசூலித்தார்கள், விளக்குக் கம்பங்கள் நட்டார்கள், குடிகளைச் சேர்க்கப் பக்கத்து ஊரோடு போட்டி போட்டார்கள்.

முதல் மூடல்

2004 நவம்பரில் வெளிவந்த 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' இந்தத் துறையின் கணக்குகளையே மாற்றிப் போட்டது. அதன் வளர்ச்சிக்கு முன்னால் கேலக்ஸீஸ் மெதுவானதாகவும் கடினமானதாகவும் அதன் உரிமையாளர்களுக்குத் தோன்றியது. படங்களில் பார்த்த நாயகர்களைப் போல உடனே வாளெடுத்துச் சுழற்ற விரும்பி வருகிறவரிடம் தாமிரம் தேடப் போகச் சொன்னால் அவர் இருக்க மாட்டார் என்ற கவலை முற்றிலும் தவறானதும் அன்று. 2005 ஏப்ரலில் சண்டை முறை மாற்றப்பட்டது. அதே ஆண்டு நவம்பர் 15 அன்று 'நியூ கேம் என்ஹான்ஸ்மென்ட்ஸ்' என்ற பெயரில் விளையாட்டே மாற்றப்பட்டது. முப்பதுக்கும் மேற்பட்டிருந்த தொழில்கள் ஒன்பதாகக் குறைந்தன. மாதக்கணக்கில் உழைத்து எட்ட வேண்டியிருந்த ஜெடை (ஸ்டார் வார்ஸ் கதையின் ஒளிவாள் வீரர்) நிலை, முதல் நாளே தேர்ந்தெடுக்கக்கூடிய ஒன்றாயிற்று. விலங்கு வளர்ப்போர் என்ற தொழிலே நீக்கப்பட்டதால், அவர்கள் தேடித் தேடிப் பழக்கி வைத்திருந்த விலங்குகள் பயனற்றுப் போயின.

இதில் மனத்தை மிகவும் உறுத்துவது, கால வரிசை. 'ட்ரையல்ஸ் ஆஃப் ஓபி-வான்' என்ற விரிவாக்கத் தொகுப்பு நவம்பர் தொடக்கத்தில்தான் விற்பனைக்கு வந்திருந்தது. பழைய விதிகளை நம்பி அதை வாங்கியவர்களுக்குச் சில நாள்களில் அந்த விதிகளே இல்லாமல் போயின. எழுந்த எதிர்ப்பில் நிறுவனம் அத்தொகுப்புக்குப் பணத்தைத் திருப்பித் தர முன்வந்தது. அந்த மாற்றம் தவறு என்பதை அப்போதைய தலைவர் ஜான் ஸ்மெட்லி பின்னாளில் பொதுவெளியில் ஒப்புக்கொண்டார்.

இதை நான் மூடல் என்று சொல்வது மிகையல்ல. சேவையகம் ஓடியது, பேரேடும் அப்படியே இருந்தது, ஆனால் அதிலிருந்த வரிகளுக்குப் பொருள் தந்த விதிகள் போய்விட்டன. துப்பாக்கி செய்பவரின் களஞ்சியத்தில் தாமிரம் இருந்தது. அந்தத் தாமிரத்தின் பண்பெண்களைத் தேடி வருவோர் குறைந்தார்கள். மக்கள் போன பிறகும் வீடுகள் நின்றன. பராமரிப்புப் பணம் தீரும்வரை விளக்கெரிந்த ஊர்களில் மேயரும் இல்லை, குடியும் இல்லை. பிற்பாடு, உரிமையாளர் நெடுங்காலம் வராத வீடுகளை மற்ற ஆட்டக்காரர்கள் பொதிந்துவைக்கலாம், உரிமையாளர் திரும்பி வந்தால் அவர் பொருள்கள் அவருக்கே கிடைக்கும் என்ற ஏற்பாட்டை நிறுவனம் கொண்டுவந்தது. பேரேட்டுக்கு உரிய மரியாதையை நிறுவனம் கொடுத்த அரிய தருணங்களில் ஒன்றாக இதைக் கருதுகிறேன். இடம் அடைக்கிறது என்று சொல்லி அழித்துவிடுவது எளிதாக இருந்திருக்கும்.

இரண்டாம் மூடல்

2009இல் ஆள் குறைந்த பல சேவையகங்கள் மூடப்பட்டன. அங்கிருந்த பாத்திரங்கள் கட்டணமின்றி மற்றச் சேவையகங்களுக்குப் பெயர அனுமதிக்கப்பட்டன. வீட்டைக் கலைத்துப் பொருள்களை மூட்டை கட்டிக்கொண்டு புது ஊரில் நிலம் தேடியவர்கள், ஊரை எடுத்துச் செல்ல முடியாது என்பதை அன்றே கண்டுகொண்டார்கள். ஆனால் அது முடிவின் ஒத்திகை என்று அப்போது பலர் நினைக்கவில்லை.

2011 சோனி ஆன்லைன் நிறுவனத்துக்கு மிக மோசமான ஆண்டு. மார்ச் மாதத்தில் மூன்று கிளைக்கூடங்களை மூடி இருநூறுக்கும் மேற்பட்டோரைப் பணிநீக்கம் செய்தது. மே மாதத்தில் அதன் வலையமைப்பு ஊடுருவப்பட்டு இரண்டு கோடியே 46 இலட்சம் கணக்குகளின் விவரங்கள் திருடப்பட்டதாக அறிவித்தது. ஜூன் 24 அன்று கேலக்ஸீஸின் மூடலை அறிவித்தபோது சொல்லப்பட்ட காரணம் வேறு: 'ஸ்டார் வார்ஸ்' பெயரைப் பயன்படுத்தும் உரிமம் 2012இல் முடிவடையவிருந்தது, பயோவேர் உருவாக்கிவந்த 'தி ஓல்ட் ரிபப்ளிக்' என்ற புதிய விளையாட்டு வரவிருந்தது. கேலக்ஸீஸ் மூடப்பட்ட ஐந்தாம் நாள், டிசம்பர் 20 அன்று, அது வந்தும்விட்டது.

ஏறத்தாழ ஆறு மாத முன்னறிவிப்பு கொடுத்தது பாராட்டத்தக்கது. இன்று பல நிறுவனங்கள் அதில் பாதிகூடத் தருவதில்லை. ஆனால் அந்த ஆறு மாதத்தில் நிறுவனம் விடைபெறும் விழாக்களுக்கு ஏற்பாடு செய்ததே தவிர, ஆட்டக்காரர் தம்முடைய கணக்கின் வரிகளை ஒரு கோப்பாகப் பெற்றுக்கொள்ளும் வழி எதையும் செய்யவில்லை. ஆட்டக்காரர்கள் தங்களால் முடிந்ததைச் செய்தார்கள். வீட்டின் ஒவ்வோர் அறையையும் படம்பிடித்தார்கள். ஊர்த்தெருவில் நடந்தபடி காணொளி எடுத்தார்கள். கடைசி இரவில் பழைய மதுக்கூடங்களில் கூடி நின்றார்கள். திரையில் இணைப்பு துண்டிக்கப்பட்டது என்ற செய்தி வந்தது.

அந்த உரிமத்தில் கையெழுத்திட்ட அமைப்புகளின் பிற்காலம் கவனிக்க வேண்டியது. 2012 அக்டோபரில் லூகாஸ்ஃபிலிமை டிஸ்னி வாங்குவதாக அறிவித்தது. 2013 ஏப்ரலில் லூகாஸ்ஆர்ட்ஸின் உருவாக்கப் பிரிவு மூடப்பட்டது. 2015 பிப்ரவரியில் சோனி தன் ஆன்லைன் நிறுவனத்தையே விற்றுவிட, அது டேபிரேக் என்று பெயர் மாறியது. மூடிய நான்கு ஆண்டுகளுக்குள், என் கணக்கின் நகலைக் கொடுங்கள் என்று போய்க் கேட்பதற்குப் பழைய வாசல் எதுவும் இல்லாமல் போயிற்று. உரிமம் பெற்றுச் செய்யப்படும் விளையாட்டுகளில் இந்த ஆபத்து இரட்டிப்பாகிறது. நிரல் ஒருவருடையது, பெயரும் கதையும் இன்னொருவருடையவை, இருவரும் சேர்ந்து இசையாமல் எதுவும் நகராது.

மீட்டவர்கள்

விளையாட்டு ஓடிக்கொண்டிருந்த காலத்திலேயே, 2005இன் மாற்றங்களுக்கு முந்தைய வடிவத்தைத் திரும்பக் கட்டியெழுப்ப ஆர்வலர்கள் சிலர் முனைந்தார்கள். எஸ்டபிள்யூஜி-எமு (விளையாட்டின் ஆங்கிலச் சுருக்கப் பெயரோடு, போலச்செய்யும் நிரலைக் குறிக்கும் 'எமுலேட்டர்' என்ற சொல்லின் சுருக்கம் சேர்ந்தது) என்ற அந்தத் திட்டம் 14.1 என்ற பழைய வெளியீட்டை இலக்காக வைத்தது. சேவையகத்தின் அசல் நிரல் அவர்களிடம் இல்லை. அதைப் பார்க்காமலே, அதே வேலையைச் செய்யும் புதிய நிரலை வரி வரியாக எழுதினார்கள். எழுதியதைத் திறந்த மூலமாக, யாரும் எடுத்துப் பார்த்து மாற்றிக்கொள்ளும்படி, வெளியிட்டார்கள். படங்களும் ஒலிகளும் பழைய குறுவட்டில் இருப்பதால், அதைச் சொந்தமாக வைத்திருப்பவர்கள்தாம் ஆட வேண்டும் என்பது அவர்களுடைய நிபந்தனை.

அந்த வேலையின் கடினத்தைச் சொல்லாமல் போனால் அநீதி. நிலத்தோற்றம் எப்படி இருக்கும் என்பது குறுவட்டில் இருக்கிறது. அந்த நிலத்தில் எந்த மூலையில் எந்த விலங்கு தோன்றும், அதன் உயிர்வலிமை எவ்வளவு, அதைக் கொன்றால் எத்தனைக்கு ஒரு முறை அரிய பொருள் கிடைக்கும் என்பவை சேவையகத்தில் மட்டுமே இருந்தன. திட்டம் வலுப்பெற்ற காலத்தில் அந்தப் பழைய வடிவம் எங்கும் ஓடிக்கொண்டிருக்கவில்லை. ஆகையால் அளந்து பார்க்க வழியில்லை. கைகொடுத்தவர்கள் யார் என்றால், 2003இலும் 2004இலும் எந்தப் பெருநோக்கமும் இல்லாமல் மூலப்பொருள்களின் பண்பெண்களைப் பட்டியலிட்டும், ஆயுதங்களின் வேகத்தைக் கணித்தும், வழிகாட்டிகள் எழுதியும் வைத்திருந்த ஆட்டக்காரர்கள். துப்பாக்கி விலையை நிர்ணயிக்க அன்று போட்ட விரிதாள், விதிகளை மீட்டெடுக்கும் ஆவணமாக மாறியது.

2016இல் வந்த 'எஸ்டபிள்யூஜி லெஜண்ட்ஸ்' வேறு வழியில் போனது. கசிந்து வெளிவந்த அசல் சேவையக நிரலைக் கொண்டு, மூடப்பட்ட காலத்து வடிவத்தை அது இயக்குகிறது. கசிந்த நிரலைத் தொடாமலே வேலை செய்வது என்ற எமு குழுவின் கட்டுப்பாட்டை நான் உயர்வாக மதிக்கிறேன். ஆயினும் லெஜண்ட்ஸ் இல்லாவிட்டால் பிற்கால வடிவம் இவ்வளவு நிறைவாகத் திரும்பியிருக்காது என்பதும் உண்மை. இன்று ஒருவர் 2004இன் விதிகளோடு ஆடலாம். 2011இன் விதிகளோடும் ஆடலாம். மூடப்பட்ட அறிவியல் புனைவு விளையாட்டுகளில் இந்த அளவு மீண்டவை மிகச் சில.

ஆனால் இரண்டில் எதில் நுழைந்தாலும் எல்லாரும் வெறுங்கையோடுதான் நுழைகிறார்கள். பழைய பெயரை மறுபடி பதிந்துகொள்ளலாம். அந்தப் பெயர் பொறித்த துப்பாக்கி ஒன்றுகூடக் கிடைக்காது. ஊர் இருந்த இடத்தில் மணல் இருக்கிறது. கசிந்தது நிரல், பேரேடு கசியவில்லை. ஒரு வீட்டையாவது அதன் பொருள்களோடு மீட்டுக் கொடுத்த ஆர்வலர் திட்டம் இல்லை.

கேலக்ஸீஸ் தொடங்கிய அதே 2003இல், மே மாதம், ஐஸ்லாந்தின் சிசிபி நிறுவனம் 'ஈவ் ஆன்லைன்' என்ற விண்வெளி விளையாட்டைத் தொடங்கியது. அது இன்றும் ஓடுகிறது. அங்கே பல ஆண்டுகளுக்கு முன் நடந்தவற்றின் விளைவு ஆட்டக்காரர் கூட்டணிகளின் இன்றைய எல்லைக்கோடுகளில் தெரிகிறது. அறுபடாத பேரேடு ஓர் உலகத்துக்கு எதைக் கொடுக்கிறது என்பதற்கு அதைவிடத் தெளிவான சான்று இல்லை. மேட்ரிக்ஸ் ஆன்லைன் மறுபுறத்துச் சான்று. அதன் கதையில் வரும் பாத்திரங்களை நிறுவனத்தின் ஆட்களே நேரில் இயக்கி, ஆட்டக்காரர்களோடு உரையாடிக் கதையை நகர்த்தினார்கள். அதன் நகரத்தில் இன்று ஆர்வலர் சேவையகத்தின் மூலம் நடந்து பார்க்கலாம். அந்த உரையாடல்களைத் திரும்பக் கேட்க முடியாது.

சட்டம் நின்ற இடம்

முதல் மூடல் நடந்த அதே 2005இல், செப்டம்பர் மாதம், அமெரிக்காவின் எட்டாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒரு தீர்ப்பு வழங்கியது. பிளிசார்ட் நிறுவனத்தின் 'பேட்டில்.நெட்' சேவைக்கு மாற்றாக ஒரு சேவையகத்தை எழுதிய நிரலாளர்கள் பயனர் ஒப்பந்தத்தையும் பதிப்புரிமைச் சட்டத்தையும் மீறினார்கள் என்பது அதன் சாரம். கேலக்ஸீஸ் ஆர்வலர்கள் இந்தத் தீர்ப்பின் நிழலிலேயே ஆண்டுக்கணக்கில் வேலை செய்தார்கள். உரிமையாளர்கள் கண்டுகொள்ளாமல் விட்டதால்தான் அவை ஓடுகின்றன. எழுத்தில் அனுமதி எதுவும் இல்லை. இதற்கு மாறாக, 2012 நவம்பரில் மூடப்பட்ட 'சிட்டி ஆஃப் ஹீரோஸ்' விளையாட்டின் ஆர்வலர் சேவையகமான ஹோம்கமிங்குக்கு என்சிசாஃப்ட் நிறுவனம் 2024 ஜனவரியில் முறைப்படி உரிமம் வழங்கியது. பெயரும் கதையும் அந்த நிறுவனத்துக்கே சொந்தம் என்பதால் அது முடிந்தது. கேலக்ஸீஸில் அதற்கு டிஸ்னியும் இசைய வேண்டும்.

அருங்காட்சியகங்களுக்கும் ஆவணக் காப்பகங்களுக்கும் 2018இல் அமெரிக்க அரசு பதிப்புரிமைச் சட்டத்திலிருந்து ஒரு விலக்கு அளித்தது. மூடப்பட்ட சேவையக விளையாட்டைத் தங்கள் வளாகத்துக்குள் அவை இயக்கிக் காட்டலாம். ஆனால் சேவையக நிரலைச் சட்டப்படி பெற்றிருக்க வேண்டும். நிரலை நிறுவனங்கள் பெரும்பாலும் கொடுப்பதில்லை என்னும்போது இந்த விலக்கால் கேலக்ஸீஸுக்குப் பயன் ஒன்றும் இல்லை. தொலைவிலிருந்து ஆய்வாளர்கள் அணுக அனுமதி வேண்டும் என்ற கோரிக்கை 2024 அக்டோபரில் மறுக்கப்பட்டது.

யூபிசாஃப்ட் நிறுவனம் 'தி க்ரூ' என்ற கார்ப் பந்தய விளையாட்டை 2024 மார்ச் 31 அன்று மூடியபின், யூடியூப் காணொளிப் படைப்பாளர் ராஸ் ஸ்காட் 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' என்ற இயக்கத்தைத் தொடங்கினார். ஐரோப்பியக் குடிமக்கள் முன்முயற்சி என்ற அதிகாரப்பூர்வ வழியில் அது திரட்டிய கையெழுத்துகள் 2025 ஜூலையில் பத்து இலட்சத்தைத் தாண்டின. விற்ற விளையாட்டை ஆடக்கூடிய நிலையில் விட்டுவிட்டுப் போங்கள் என்பது அதன் கோரிக்கை. இதை முழுமனதோடு ஆதரிக்கிறேன். ஆனால் கேலக்ஸீஸின் அனுபவத்தை வைத்துப் பார்க்கும்போது இந்தக் கோரிக்கை பாதித் தூரம்தான் போகிறது. நாளை ஒரு நிறுவனம் தன் சேவையக நிரலைப் பொதுவில் வைத்துவிட்டுப் போனால், ஆட்டக்காரருக்குக் கிடைப்பது லெஜண்ட்ஸில் கிடைப்பதைப் போன்ற ஒரு காலி உலகம். அது பெரிய விஷயம்தான். அவர் கட்டிய ஊர் அதில் இல்லை.

என்ன செய்திருக்கலாம்

பேரேட்டை முழுமையாக வெளியிடுவது சரியன்று. அதில் மற்றவர்களின் தனிப்பட்ட கடிதங்களும் கணக்கு விவரங்களும் கலந்திருக்கும். 2011 மே மாதத்தில் கணக்குகள் திருடப்பட்டதாக அறிவித்த நிறுவனத்திடம் அதை எதிர்பார்க்கவும் கூடாது. ஆனால் ஒருவருக்குச் சொந்தமான வரிகளை அவருக்கு மட்டும் பிரித்துக் கொடுப்பதில் அந்தச் சிக்கல் இல்லை. பாத்திரத்தின் பெயர், தொழில், அவர் செய்த பொருள்களின் பண்பெண்கள், வீடு நின்ற இடத்தின் ஆயத்தொலைவு, ஒவ்வொரு அறையிலும் ஒவ்வொரு பொருளும் இருந்த நிலையும் திசையும் ஆகியவை அனைத்தும் எழுத்தும் எண்ணுமே. ஓர் ஆட்டக்காரரின் எட்டு ஆண்டு வாழ்வு அந்த வடிவில் ஒரு புகைப்படத்தின் அளவைத் தாண்டியிருக்காது என்பது என் மதிப்பீடு. அறிவிப்புக்கும் மூடலுக்கும் இடையில் ஆறு மாதம் இருந்தது. பாத்திரங்களை ஒரு சேவையகத்திலிருந்து இன்னொன்றுக்குப் பெயர்க்கும் வசதி 2009இலேயே செய்யப்பட்டிருந்தது. அதாவது ஒருவரின் வரிகளை மட்டும் பிரித்தெடுக்கும் நிரல் அந்த நிறுவனத்தில் ஏற்கெனவே இருந்தது. எடுத்ததை இன்னொரு சேவையகத்தில் ஏற்றுவதற்குப் பதிலாக உரியவரின் கையில் கொடுக்கும் முடிவு மட்டும் எடுக்கப்படவில்லை.

உரிமத்தின் தடை பற்றியும் பதில் சொல்ல வேண்டும். 'ஸ்டார் வார்ஸ்' பெயரோ படமோ அந்தக் கோப்பில் இருக்கத் தேவையில்லை. நாற்காலி ஒன்று இந்த மூலையில் இத்தனை பாகை திரும்பி நின்றது என்பதற்கு லூகாஸ்ஆர்ட்ஸிடம் பதிப்புரிமை இருந்ததாகக் கொள்ள எனக்குக் காரணம் தெரியவில்லை.

ஒரு கடினமான மறுப்பு உண்டு. தனித்தனியே பிரித்துக் கொடுத்த வரிகள் ஊராகுமா? மேயரின் கோப்பும் துப்பாக்கிக்காரரின் கோப்பும் நடனக் கலைஞரின் கோப்பும் மூன்று கணினிகளில் கிடந்தால், அவர்கள் சந்தித்த மதுக்கூடம் எங்கே இருக்கிறது? இந்த மறுப்பை என்னால் முழுமையாகத் தள்ள முடியவில்லை. பொருள்களின் மதிப்பு மற்றவர்கள் அவற்றை வேண்டியதில் இருந்தது. அந்த வேண்டுதல் கோப்பில் வராது. ஆனாலும் பழைய ஊர்க்காரர்கள் முப்பது பேர் சேர்ந்து ஓர் ஆர்வலர் சேவையகத்தில் தங்கள் ஊரைத் திரும்பக் கட்ட நினைத்தால், இன்று அவர்களிடம் இருப்பது திரையிலிருந்து பிடித்த மங்கிய படங்களும் நினைவும்தான். நினைவை வைத்து அளந்து கட்டுவதற்கும், எழுதிவைத்த எண்ணை வைத்துக் கட்டுவதற்கும் உள்ள வேறுபாடு எமு குழுவினருக்கு நன்றாகத் தெரியும். அவர்கள் செலவிட்ட ஆண்டுகளில் பெரும்பகுதி அந்த வேறுபாட்டில்தான் போயிற்று.

இப்போது லெஜண்ட்ஸிலும் எமுவின் நிரலைக் கொண்டு ஓடும் பல சேவையகங்களிலும் புதிய பேரேடுகள் சேர்ந்துகொண்டிருக்கின்றன. அவற்றுள் சில, கேலக்ஸீஸ் ஓடிய எட்டரை ஆண்டுகளையே தாண்டிவிட்டன. அங்கும் வீடுகள் இருக்கின்றன, துப்பாக்கிகளில் பெயர்கள் பொறிக்கப்படுகின்றன, மேயர்கள் தேர்ந்தெடுக்கப்படுகிறார்கள். அவற்றை நடத்துகிறவர்கள் ஊதியமில்லாத் தன்னார்வலர்கள். நன்கொடை நின்றாலோ, உரிமையாளரிடமிருந்து ஒரு வழக்கறிஞர் கடிதம் வந்தாலோ, அவை ஆறு மாத அவகாசம்கூட இல்லாமல் நிற்கக்கூடும். தன் பாத்திரத்தின் வரிகளைக் கோப்பாக எடுத்துக்கொள்ளும் கட்டளை ஒன்றை அந்தச் சேவையகங்களில் சேர்க்கும்படி ஆட்டக்காரர்கள் இப்போதே கேட்க வேண்டும். எமுவின் நிரல் திறந்த மூலமாக இருப்பதால், எழுதத் தெரிந்தவர் கேட்டுக்கொண்டிருக்காமல் எழுதியே கொடுக்கலாம்.